கவராயத்தின் முள்ளை எங்கே குத்துவது? 'பெண்-மைய' என்ற சொல்லைப் பழகுதல்

விசுவமடுவில் என் வீட்டு விறாந்தையில் ஒரு மேசையும் இரண்டு பிளாஸ்ரிக் கதிரையும் கிடக்கின்றன. பள்ளிக்கூடத்தில் தமிழ் படிப்பித்து ஓய்வு பெற்ற பிறகு, கம்பசில் படிக்கும் பிள்ளைகளின் ஆய்வுக்கட்டுரைகளைப் பிழை பார்த்துக் கொடுக்கிறேன். காசு கொஞ்சம், கண்வலி கூட. ஆனால் புதுச் சொற்கள் எப்படிப் பிறக்கின்றன, எப்படி நொண்டியாகின்றன என்பதை இந்தக் கதிரையில் இருந்தே பார்க்கலாம்.

போன மாசியில் புதுக்குடியிருப்புப் பக்கமிருந்து ஒரு பிள்ளை தாயையும் கூட்டிக்கொண்டு வந்தாள். ஆய்வின் தலைப்பு 'முல்லைத்தீவு மாவட்டக் கச்சான் செய்கை: ஒரு பெண்மையப் பார்வை'. தாய் அந்த அட்டையை எழுத்துக்கூட்டி வாசித்துவிட்டு என்னைப் பார்த்தார்.

"பெண்மையமோ? அது எங்க இருக்கு ரீச்சர்? தையல் மெசின் குடுக்கினமோ?"

பிள்ளைக்கு வெட்கம். எனக்குச் சிரிப்பு. ஆனால் அந்த மனிசி கேட்டது சரியான கேள்வி. 2009க்குப் பிறகு மையம், நிலையம் என்று ஏதாவது ஒரு பலகை தொங்காத சந்தி எங்கள் பக்கத்தில் இருக்கவில்லை. சொல் அவரிடம் ஒரு கட்டடமாகத்தான் போய்ச் சேர்ந்தது. வாசிப்பவர் தலையில் சொல் எதுவாகப் போய் நிற்கிறது என்று பாராமல் அதைத் தலைப்பில் ஏற்றினால் இதுதான் நடக்கும். அன்று அந்தப் பிள்ளைக்குச் சொன்னதைத்தான், இன்னும் கொஞ்சம் ஒழுங்காக, இங்கே எழுதுகிறேன்.

முதலில் சொல். ஆங்கிலத்தில் அது கைனோசென்ட்ரிக். 'ஜைனோசென்ட்ரிக்' என்று உச்சரிப்பவர்களும் உண்டு. இரண்டும் அகராதியில் இருக்கிறது, வாய்மொழித் தேர்வில் எதைச் சொன்னாலும் பயப்பட வேண்டாம். முன்பாதி பெண் என்று பொருள்படும் கிரேக்கச் சொல். பிள்ளைப்பேற்றுக்குப் போகையில் 'வி.ஓ.ஜி' என்று ஒரு டொக்டரைச் சொல்கிறோமே, அதன் கடைசி எழுத்தும் இந்தக் 'கைனோ'தான். பின்பாதி 'கென்ட்ரோன்'. எனக்கு மிகவும் பிடித்தது இந்தப் பின்பாதிதான். மையம் என்பது அதன் பிந்திய பொருள். முதலில் அது குத்தும் முள்; மாட்டை ஓட்டுகிற தார்க்கோலின் கூர். பிறகு கவராயத்தில் அசையாமல் ஊன்றி நிற்கும் காலின் முனை. வட்டம் அந்த முனையைச் சுற்றித்தான் விழுகிறது.

இந்தக் கவராயத்தை மனதில் வைத்துக்கொண்டால் பாதி வேலை முடிந்தது. ஒரு கட்டுரையில் எத்தனை பெண்கள் வருகிறார்கள் என்பதை இந்தச் சொல் கேட்கவில்லை. பென்சில் போன இடத்தை விடுங்கள், முள் எங்கே குத்தியிருக்கிறது என்றுதான் கேட்கிறது. பெண்ணின் வேலை, அவளின் நேரம், அவளின் உடம்பு, அவளின் கணக்கு ஆகியவற்றில் முள்ளை ஊன்றி மற்றதை எல்லாம் அங்கிருந்து அளந்தால் அது பெண்-மைய நோக்கு. ஆணின் இடத்தில் ஊன்றி, அதுதான் மனிதரின் இடம் என்று நினைத்துக்கொண்டு அளந்தால் அது ஆண்-மைய நோக்கு, ஆங்கிலத்தில் அண்ட்ரோசென்ட்ரிக்.

ஏன் நடுவில் கோடு போட்டு எழுதுகிறேன்? தமிழில் இந்தச் சொல்லுக்கு ஒரு சொந்தச் சிக்கல் இருக்கிறது. 'பெண்மைய' என்று சேர்த்து எழுதினால் பெண் + மைய என்றும் பிரிக்கலாம், பெண்மை + அ என்றும் பிரிக்கலாம். பெண்மை என்றதும் நம் ஆட்களுக்கு அச்சம், மடம், நாணம், பயிர்ப்பு வரிசையாக வந்து நின்றுவிடும். 'பெண்மையவாதம்' என்று எழுதினால் பெண்மையைப் போற்றும் வாதமா, பெண்ணை மையத்தில் வைக்கும் வாதமா என்று பரீட்சகருக்கே தடுமாறும். 'ஆண்மைய' என்பதும் அப்படியே. 'ஆண்மையச் சமூகம்' என்று ஒருத்தர் எழுதியதை நான் வீரமுள்ள சமூகம் என்று வாசித்துவிட்டு அடுத்த வரியில் திரும்பி வந்தேன். ஆகவே முதல் தடவை 'பெண்-மைய' என்று கோடு போட்டு எழுதி, அதே வசனத்தில் பொருளையும் சொல்லிவிடுங்கள். அதன் பிறகு கோடு இல்லாவிட்டாலும் வாசிப்பவர் தாங்குவார். கையெழுத்தில் கோடு தொலைந்துவிடும் என்று பயந்தால் 'பெண்ணிடமிருந்து பார்த்தல்' என்று நீட்டியே எழுதலாம். நீளம் குற்றமில்லை.

'பெண்களை மையப்படுத்திய' என்று எழுதினால் சிக்கல் தீருமே என்று அந்தப் பிள்ளை கேட்டாள். தீராது, வேறு இடத்துக்கு மாறும். 'பெண்களை மையப்படுத்திய வாழ்வாதாரத் திட்டம்' என்று அறிக்கைகளில் ஆயிரம் தரம் வாசித்திருக்கிறோம். அங்கே பெண்கள் திட்டத்தைப் பெறுகிறவர்கள். கோழிக்குஞ்சு அவர்களிடம் போகும், பார்வை அவர்களிடமிருந்து வராது. இலக்கணக்காரி என்ற முறையில் நான் ஒரு வேற்றுமைச் சோதனை வைத்திருக்கிறேன். உங்கள் வசனத்தில் பெண் இரண்டாம் வேற்றுமையில் நிற்கிறாளா, ஐந்தாம் வேற்றுமையில் நிற்கிறாளா? 'பெண்ணைப் பார்த்தேன்' என்பது ஒன்று, 'பெண்ணிலிருந்து பார்த்தேன்' என்பது இன்னொன்று. ஐ உருபு மட்டும் இருந்தால் அது பெண்களைப் பற்றிய கட்டுரை. நல்ல கட்டுரையாகவும் இருக்கலாம். இந்தச் சொல் மட்டும் அதற்குப் பொருந்தாது.

சோதித்துப் பார்க்க ஒரு வசனம். முகமாலைப் பக்கம் கண்ணிவெடி அகற்றும் வேலையில் எங்கள் பெண்கள் இருக்கிறார்கள் என்பது ஊருக்கே தெரியும். அவர்களைப் பற்றி எழுத வருகிறவர்கள் பெரும்பாலும் 'ஆண்களுக்கு நிகராக' என்று தொடங்குவார்கள். புகழ்ச்சிதான். எழுவாய் பெண், படத்தில் பெண், தலைப்பில் பெண். ஆனால் அளவுகோல் யாருடையது? 'நிகராக' என்ற ஒரு சொல்லில் முள் ஆணிடம் போய்க் குத்திவிட்டது. அதையே பெண்-மையமாக எழுத வேண்டுமென்றால் நிகர் பார்ப்பதை விட்டுவிட்டு, விடிய வாகனம் வருமுன் அவள் எத்தனை மணிக்கு உலை வைத்தாள், தலைக்கவசத்துக்குள் வெயிலில் முழங்காலில் இருக்கும்போது மாதவிடாய் நாளை எப்படிச் சமாளிக்கிறாள், தான் துப்புரவாக்கிய காணியில் தனக்கு ஒரு துண்டு உண்டா என்று கேட்க வேண்டும். கேள்வி மாறினால் சொல்லை எழுதாமலே நோக்கு வந்துவிடும்.

சொல்லின் வரலாறு உங்கள் இரண்டாம் அத்தியாயத்துக்கு வேண்டும், ஆனால் அரைப் பக்கம் போதும். அமெரிக்கச் சமூகவியலாளர் லெஸ்டர் வார்ட் 1888இல், உயிர்களின் தோற்றத்தில் பெண்பாலே மூலம் என்ற கருத்தை முன்வைத்தார். 1903இல் அதற்குப் பெண்-மையக் கோட்பாடு என்று பெயர் கொடுத்து விரித்தார். அவர் பேசியது உயிரியல் போலத்தான் இருக்கும், இன்று யாரும் அதை அப்படியே ஏற்க மாட்டார்கள். அவரை மதித்த சார்லட் பெர்கின்ஸ் கில்மன் 1911இல் எதிர்ப்பக்கத்துச் சொல்லை எடுத்து, நம் பண்பாடே ஆண்-மையமானது என்று ஒரு நூல் எழுதி, அதை வார்டுக்கே சமர்ப்பித்தார். 1985இல் ஐரிஸ் மரியன் யங் பெண்ணியத்துக்குள்ளேயே இரண்டு போக்கைப் பிரித்துக் காட்டினார்: ஆணும் பெண்ணும் மனிதர்தானே, வேறுபாட்டைக் களைவோம் என்பது ஒன்று; பெண்களின் அனுபவத்தை மதிப்பற்றதாக்கியதுதான் ஒடுக்குமுறை, அந்த அனுபவத்திலிருந்தே சமூகத்தை விமர்சிப்போம் என்பது மற்றது. இரண்டாவதற்குத்தான் அவர் பெண்-மையப் பெண்ணியம் என்று பேர் வைத்தார். உங்களுக்கு வேண்டியது யங். வார்டைப் போட்டு நாலு பக்கம் நிரப்பாதீர்கள்.

தமிழ் இலக்கியம் படிக்கிற பிள்ளைகளுக்கு மட்டும் ஒரு பக்கத்துக் கிளை. எலைன் ஷோவால்டர் 1979இல் கைனோகிரிட்டிக்ஸ் என்ற சொல்லைப் புழக்கத்துக்குக் கொண்டுவந்தார். அது பெண்ணை எழுத்தாளராக வைத்து, பெண்கள் எழுதியதன் வரலாறு, பொருள், வடிவம் ஆகியவற்றை ஆராய்வது. இரண்டையும் ஒன்றாக்கிவிடாதீர்கள். குறுந்தொகை 25ஆம் பாட்டைப் பாருங்கள்: தலைவி பேசுகிறாள், சாட்சிக்குக் குருகு மட்டும் நின்றது என்கிறாள், முழுப் பாட்டும் அவள் இடத்திலிருந்து வருகிறது. எழுதியவர் கபிலர். 28ஆம் பாட்டிலும் தலைவிதான் பேசுகிறாள், முட்டுவேனா தாக்குவேனா என்று, எழுதியவர் ஒளவையார். ஷோவால்டரின் வழியில் போனால் ஒளவையார் உள்ளே, கபிலர் வெளியே. பெண்-மைய நோக்கு என்று எடுத்தால் இரண்டையும் பக்கத்தில் வைத்து, கபிலரின் தலைவியிடம் முள் உண்மையிலேயே அவளிடம்தான் குத்தியிருக்கிறதா என்று வாதாடலாம். எனக்கு அந்த வாதம் பிடிக்கும். முடிவு சொல்ல மாட்டேன், உங்கள் பரீட்சகர் யாரோ தெரியாது.

இனிப் பிழைகள். நான் சிவப்புப் பேனையால் அதிகம் கீறுகிறது இவற்றைத்தான்.

'வற்றாப்பளையில் கண்ணகி அம்மன் வீற்றிருப்பதால் வன்னி ஒரு பெண்-மையச் சமூகம்.' இது மூன்று வருடத்தில் மூன்று கட்டுரையில் வந்துவிட்டது. வைகாசிப் பொங்கலுக்கு உப்புநீரில் விளக்கெரிவதைக் கும்பிட நானும் போகிறவள்தான், ஆனால் பெண் தெய்வம் இருப்பதும் பெண்ணின் நோக்கு மையமாவதும் ஒன்றல்ல. அம்மனை வழிபடும் ஊரில் மருமகளின் சொல்லுக்கு மதிப்பில்லாமல் இருக்கலாம். அந்தப் பொங்கலைப் பெண்-மையமாக எழுத ஆசைப்பட்டால், வெயிலில் அடியழித்துக்கொண்டு வருகிற ஒரு மனிசியின் பக்கத்தில் போய் இருந்து, என்ன நேர்த்தி, யாருக்காக, எந்த வருடம் வைத்தது என்று கேளுங்கள். இந்த மண்ணில் அந்த வருடம் பெரும்பாலும் எதுவாக இருக்கும் என்பது உங்களுக்குத் தெரியும்.

இரண்டாவது, தாய்வழியோடு குழப்புவது. மட்டக்களப்புப் பக்கம் குடி தாய்வழியாக வருகிறது. அது வம்சத்தையும் உரிமையையும் யார் வழியாக எண்ணுகிறோம் என்ற விடயம். தாயதிகாரம் என்பது அதிகாரம் யார் கையில் என்ற விடயம். பெண்-மையம் என்பது பார்வை எங்கே ஊன்றி நிற்கிறது என்ற விடயம். தாய்வழிக் குடியைப் பற்றி முழுக்க முழுக்க ஆண்-மையமாக ஒரு நூல் எழுதலாம். எழுதியும் இருக்கிறார்கள்.

பெண்ணியத்தோடு குழப்புவது அவ்வளவு பெரிய பிழை இல்லை, உறவுக்காரச் சொற்கள்தான். எங்கள் நாட்டில் பெண்நிலைவாதம் என்றும் எழுதுகிறோம். இந்தியாவில் பாலினம் என்பதை நாங்கள் பால்நிலை என்கிறோம். பெண்ணியம் ஒரு அரசியல், மாற்றம் கேட்கும். பெண்-மையம் அந்த அரசியல் கையில் எடுக்கும் ஒரு கருவி. எல்லாப் பெண்ணியரும் இந்தக் கருவியை விரும்புவதில்லை. பெண்ணின் அனுபவம் என்று ஒருமையில் சொன்னால் எந்தப் பெண்ணின் அனுபவம் என்று உடனே கேட்பார்கள். கேட்க வேண்டிய கேள்விதான். கச்சான் தோட்டத்தில் காணிக்காரியும் பெண், கூலிக்கு வந்தவளும் பெண். இருவருக்கும் ஒரே முள் பொருந்தாது.

'பெண் தலைமைத்துவக் குடும்பம்' என்ற தொடரைப் பற்றிக் கொஞ்சம் கூட எழுத விடுங்கள். நானும் அந்தப் பட்டியலில் ஒருத்தி. பிள்ளைகள் இந்தத் தொடரைக் கண்டதும் இதோ பெண்-மையம் என்று கீழே கோடு போடுகிறார்கள். அந்தத் தொடர் எப்படி உண்டாகிறது என்று யோசியுங்கள். 'ஆண் தலைமைத்துவக் குடும்பம்' என்று யாரும் படிவம் அடிப்பதில்லை. அதற்குப் பெயர் வெறும் குடும்பம். எங்கள் வீட்டுக்குத்தான் அடைமொழி. நான் நிரப்பிய ஒரு படிவத்தில் முதல் கேள்வி கணவரைப் பற்றியது: இறந்தவரா, காணாமற்போனவரா, பிரிந்தவரா. கடைசிப் பக்கத்தில்தான் என் தொழில் வந்தது. அந்தப் படிவத்தில் இருந்தது முழுக்க நான், ஆனால் வட்டம் கீறப்பட்டிருந்தது இல்லாத ஒரு மனிதரைச் சுற்றி. உதவிக்கு அந்தத் தொடர் தேவைப்பட்டது, இல்லையென்று சொல்லவில்லை. அரிசியும் தகரமும் அந்தப் பெயரில்தான் வந்தன. ஆய்வில் எழுதும்போது மட்டும் அதை ஆராய வேண்டிய தொடராக மேற்கோள் குறிக்குள் போடுங்கள், உங்கள் நோக்கின் பெயராக்கிவிடாதீர்கள்.

இன்னொரு எச்சரிக்கை. போனில் தேடினால் இந்தச் சொல்லைத் திட்டாகப் பயன்படுத்துகிறவர்களும் வருவார்கள். சட்டமும் சமூகமும் பெண்களுக்குத்தான் சேவகம் செய்கின்றன, ஆண்கள் ஒதுக்கப்படுகிறார்கள் என்று முறையிடுகிறவர்கள் அதற்குக் கைனோசென்ட்ரிசம் என்று பெயர் வைத்திருக்கிறார்கள். அங்கே அது ஆய்வுமுறையின் பெயர் அல்ல, குற்றச்சாட்டு. ஒரு தம்பி அப்படியொரு பக்கத்திலிருந்து வரைவிலக்கணத்தைத் தூக்கிக்கொண்டு வந்து யங்கின் பெயருக்குப் பக்கத்தில் ஒட்டியிருந்தார். மேற்கோள் எடுக்குமுன் எழுதினவர் சொல்லை அணைக்கிறாரா அடிக்கிறாரா என்று முதல் பந்தியில் பாருங்கள், அங்கேயே தெரிந்துவிடும்.

சரி, கச்சானுக்கு வருவோம். அந்தப் பிள்ளையின் மூன்றாம் அத்தியாயம் இப்படித் தொடங்கியது: 'கச்சான் செய்கையில் விவசாயிகள் நிலத்தை உழுது, விதைத்து, அறுவடை செய்கின்றனர். பெண்கள் களை பிடுங்குதல், ஆய்தல் போன்றவற்றில் உதவி செய்கின்றனர்.'

"நீ ஆரைப் பேட்டி கண்டனீ?"

"கமக்கார அமைப்பில பேர் தந்தவை, ரீச்சர். அவையள்தான் விவசாயிகள்."

எல்லாரும் ஆண்கள். 'விவசாயிகள்' என்ற சொல்லுக்குள் ஆணை வைத்துப் பூட்டியாயிற்று, அதனால்தான் அடுத்த வசனத்தில் பெண்களுக்கு 'உதவி' என்ற கூரை தேவைப்பட்டது. முதலில் அந்த 'உதவி'யை வெட்டச் சொன்னேன். உங்கள் பிரதியிலும் தேடிப் பாருங்கள்: உதவி, துணை, பங்களிப்பு, கூட. இந்த நாலும் எங்கே வருகிறதோ அங்கே முள் வேறெங்கோ நிற்கிறது. பிறகு வேலைகளை வினையாக எழுதி ஒவ்வொரு வினைக்கும் எழுவாய் போடச் சொன்னேன். ஆர் உழுதது? உழவு மெசின்காரன், வாடகைக்கு, ஒரு பொழுதில். ஆர் பிடுங்கினது? ஆர் ஆய்ந்தது? ஆர் காயப்போட்டு மழைக்கு ஓடி அள்ளினது? எழுவாய் மாறிக்கொண்டே போனது, பிள்ளையின் முகமும் மாறியது.

பேட்டிக்குப் போகும்போது இந்தச் சொல்லை வீட்டில் வைத்துவிட்டுப் போங்கள். "பெண்-மைய நோக்கில் உங்கள் அனுபவம் என்ன அக்கா?" என்று கேட்டால் அக்கா தேத்தண்ணி போட எழும்பிவிடுவார். "நேற்று விடிய எழும்பினதில இருந்து சொல்லுங்கோ" என்று கேளுங்கள். நேரத்தை அவர் சொல்கிற அடையாளத்திலேயே குறியுங்கள்: பள்ளிக்கூட பஸ், கோயில் மணி, மாடு அவிழ்க்கிற நேரம். அட்டவணையை இரவில் நீங்கள் போடலாம். சொல் திரும்பி வர வேண்டிய இடம் முறையியல் அத்தியாயம். அங்கே ஒரு வசனம் இப்படி: 'இவ்வாய்வு பெண்-மைய நோக்கைக் கையாள்கிறது, அதாவது கச்சான் செய்கையை அதில் ஈடுபடும் பெண்களின் வேலை, நேரம், அறிவு ஆகியவற்றிலிருந்து தொடங்கி விளக்குகிறது.' அதற்குப் பிறகு முழு ஆய்விலும் அந்தச் சொல் ஐந்தாறு தரம் வந்தால் போதும்.

இதெல்லாம் பேசி முடிகிற மட்டும் தாய் சும்மா இருக்கவில்லை. விறாந்தை மூலையில் நான் சாக்கில் வைத்திருந்த கச்சானை மடியில் கொட்டி உடைக்கத் தொடங்கியிருந்தார். கறிக்குத்தானே என்று நான் கவனிக்கவில்லை. பார்த்தால் இரண்டு குவியல் போட்டிருந்தார்.

"இதென்ன அம்மா, ரெண்டாப் பிரிச்சிருக்கிறியள்?"

"இது தின்ன. இது விதைக்கு, ரீச்சர். மெசினில உடைச்சா மேல்தோல் கழண்டிடும். தோல் கழண்ட பருப்பு மண்ணுக்குள்ள அழுகிப்போம், முளைக்காது. அதுதான் விதைக்கு எப்பவும் கையால. ஐப்பசி மழைக்கு முதல் ராவில ராவிலதான் உடைப்பன், பகலில எங்க நேரம்?"

மகள் கொப்பியைத் திறந்தாள். "எத்தினை ராவு அம்மா?" என்று கேட்டாள்.

தாய் கையில் இருந்த கோதைக் கீழே போட்டுவிட்டு, விரலை மடக்கி எண்ணத் தொடங்கினார்.